இடது பின்பக்கம்

பரிசோதனை நிலையத்துக்காரர்
தாளில் ஒரே வரி எழுதித் தந்தார்:
பின்பக்கம், இடது, எண்ணெய்க் கசிவு.
ஒரு மாதத் தவணை.
முப்பத்து மூன்று வயது வோல்வோவுக்கு
இதுவே சலுகை என்றார், சிரிக்காமல்.

எனக்கு முன்பே தெரியும்.
அக்டோபரில் ஒருநாள் கூஹ்மோவிலிருந்து திரும்பியதும்
வண்டிக்கடியில் கையை நீட்டிப் பார்த்தேன்.
சரளைச் சாலையில் நாற்பது கிலோமீட்டர்
குலுங்கி வந்த பிறகு
வலது ஷாக் அப்சார்பர் இளஞ்சூடு,
இப்போதுதான் காலியான கோப்பை போல.
இடது, சாலையோரக் கல்.
குலுக்கலை வாங்கிச் சூடாக்குவதுதான் அதன் வேலை.
சூடு இல்லையென்றால்
குலுக்கல் வேறெங்கோ போகிறது.

வேறெங்கே என்பதும் தெரியும்.
முதுகில் அறுவை முடிந்த நாளிலிருந்து
இல்போ வண்டியில் ஏறியதும்
ஜன்னலுக்கு மேலுள்ள பிடியைப் பற்றிக்கொள்கிறார்.
ஒவ்வொரு பள்ளத்துக்கும் விரல்முட்டிகள் வெளுக்கும்.
வலிக்கிறதா என்றால்
"அந்த மரங்களை வெட்டிவிட்டார்கள், பார்" என்பார்.

சனிக்கிழமை. மைனஸ் ஆறு.
எங்கள் ஷெட்டில் வண்டியின் மூக்கு மட்டும்தான் நுழையும்.
பக்கத்து வீட்டு ஸினிக்கா
உதைவண்டியில் தன் ஜாக்கை வைத்துத் தள்ளிக்கொண்டு வந்தாள்.
வண்டியைத் தாங்கிகளில் நிறுத்தி
ஆக்ஸிலுக்கு ஜாக்கை முட்டுக் கொடுத்தோம்.
மூன்று இரவு எண்ணெய் குடித்தும்
கீழ் நட்டு வாய் திறக்கவில்லை.
அடி மேல் அடி அடித்தேன்.
அம்மி என்றால் நகர்ந்திருக்கும்.
ஸ்பேனர் கைப்பிடியில் குழாயைச் செருகி
இருவரும் தொங்கினோம்.
டப்.
என் விரல்தான் என்று நினைத்தேன். நட்டு.
மேல் போல்ட்டோ கேட்காமலே கழன்றது,
முன்பு மாட்டியவர் அவசரக்காரர் போல.

கழற்றியதை நிறுத்தி வைத்து அழுத்தினேன்.
உள்ளே போனது. போனதுதான்.
"செத்துவிட்டது" என்றாள் ஸினிக்கா.
எனக்கு அப்படித் தோன்றவில்லை.
எதிர்த்துப் பேசுவதை விட்டுவிட்டது, அவ்வளவே.

புதியதன் கட்டுப்பட்டையை வெட்டியதும்
உள்தண்டு தானாக, மெதுவாக,
சோம்பல் முறிக்கும் பூனையின் காலாக நீண்டது.
குற்றமற்ற வலதையும் மாற்றினேன்.
அவை ஜோடியாகத்தான் விற்கப்படுகின்றன.

இல்போ காபி கொண்டுவந்தார், கையுறை இல்லாமல்.
குனிய முடியாதவரிடம் டார்ச்சைக் கொடுத்தேன்.
வெளிச்சம் சரியான இடத்தில் விழவில்லை.
நாங்கள் அதைச் சொல்லவில்லை.

கடைசி இறுக்கம்
சக்கரங்கள் தரையில் நின்ற பிறகுதான்.
சுமை ஏறிய நிலையில் ரப்பர் புஷ் பிடிபட வேண்டும்.
அந்தரத்தில் தொங்கும்போது முடுக்கினால்
ஆயுசுக்கும் முறுக்கிக்கொண்டே கிடக்கும்.
இதைக் கற்றுக்கொள்ள எனக்கு
இரண்டு கார்களும்
ஒரு முந்தைய கல்யாணமும் செலவாயின.

ஏரிக்குப் போகும் பாதை.
வரிவரியாக உறைந்த பள்ளங்கள்.
வண்டி ஒருமுறை எழுந்தது, ஒருமுறை அமர்ந்தது,
பேச்சை முடித்துக்கொண்டது.
இல்போவின் கை இன்னும் பிடியில்.
பாலம் தாண்டியும்.
குவாரித் திருப்பம் தாண்டியும்.
எனக்கு ஏமாற்றமாகத்தான் இருந்தது:
இருநூறு யூரோ, உரிந்த முழங்கை.
ஸ்பிரிங்குக்குத் தானாக அடங்கத் தெரியாது,
பழக்கத்துக்கும்.
பால் பண்ணை அருகே
மூக்கைச் சொறியக் கையை இறக்கினார்.
திரும்ப ஏற்றவில்லை.

நான் சாலையையே பார்த்தேன்.
"அந்த மரங்களை வெட்டிவிட்டார்கள்" என்றேன்.
"எப்போதோ" என்றார்.

வீட்டு முற்றத்தில் மண்டியிட்டு
வண்டிக்கடியில் கையை நீட்டினேன்.
இடது சூடு.
வலது சூடு.
கொஞ்ச நேரம் கையை எடுக்கவில்லை,
குளிருக்காகவும்தான்.